கெட்டிக் கதைக்கு ஒரு தட்டு: தமிழ்ப் பதிப்பாளர்களுக்கு ஒரு திறந்த மடல்

அன்புள்ள பதிப்பாளர்களுக்கும் சிற்றிதழ் ஆசிரியர்களுக்கும்,

மாத்தளையிலிருந்து வணக்கம். சென்னையோ நாகர்கோவிலோ, கொழும்போ யாழ்ப்பாணமோ, எங்கிருந்து தமிழ்ப் புத்தகம் போடுகிறவராக இருந்தாலும் இந்த மடல் உங்களுக்குத்தான். நான் 28 வருடம் அரசாங்கக் கந்தோரில் சிங்களச் சுற்றறிக்கைகளைத் தமிழாக்கியவன். "மேற்படி விடயம் தொடர்பில் தங்களது கவனம் ஈர்க்கப்படுகின்றது" என்று எத்தனை ஆயிரம் தடவை எழுதியிருப்பேனோ. எழுதி எழுதி விறைத்துப்போன கையைத் தளர்த்துவதற்காக, ராத்திரியில் சிங்களச் சிறுகதைகளைத் தமிழில் எழுதிப் பார்க்கும் பழக்கம் வந்தது. ஓய்வுபெற்ற பிறகு ராத்திரி பகல் என்ற கணக்கில்லை, அதே வேலைதான்.

சிங்களத்தில் சிறுகதைக்குப் பெயர் 'கெட்டி கதாவ'. கெட்டி என்றால் அவர்கள் மொழியில் குட்டையானது. சில்லறைக் கடையில் கணக்கெழுதிய என் அப்பாவுக்குச் சிங்களம் பேச வரும், வாசிக்க வராது. ஞாயிற்றுக்கிழமைகளில் நான் 'சிலுமின' பத்திரிகையை விரித்துக்கொண்டு உட்கார்ந்தால், "என்னடா, கெட்டிக் கதையா?" என்று கேட்பார். அவர் காதில் அது தமிழ்க் கெட்டியாகவே விழுந்தது. பிழை என்று நான் திருத்தியதில்லை.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். கடந்த சில வருடங்களில் என் மொழிபெயர்ப்புகளை மூன்று பதிப்பகங்களுக்கு அனுப்பினேன். மூன்றும் வேண்டாம் என்றன. யார் என்று சொல்லமாட்டேன், அது முக்கியமில்லை. அவர்கள் சொன்ன காரணங்கள்தான் முக்கியம். முதல் பதிப்பகம் கேட்டது: "இதுக்கு இங்கிலீஷ் பதிப்பு இருக்கா? சரிபார்க்கணும்." இரண்டாவது கேட்டது: "நல்லிணக்கம் சம்பந்தமான கதைகள் இருந்தா அனுப்புங்களேன், அதுக்கு நிதி எடுக்கலாம்." மூன்றாமவர் நேரடியாகவே சொன்னார்: "எங்கள் ஆட்களைக் கொன்றவர்களின் மொழியிலிருந்து எங்களுக்கு என்ன வேண்டியிருக்கிறது?"

மூன்றிலும் எனக்கு மரியாதை மூன்றாவது பதிலுக்குத்தான். அதற்குக் கடைசியில் வருகிறேன்.

முதலில் அந்த இங்கிலீஷ் விவகாரம். நாம் ஒரு காலத்தில் இப்படிக் கேட்கிறவர்களாக இருக்கவில்லை. கா. ஸ்ரீ. ஸ்ரீ. மராத்தியிலிருந்து காண்டேகரை நேரே கொண்டுவந்தார். காண்டேகரைத் தமிழ் எழுத்தாளர் என்றே நினைத்துக்கொண்டு வாசித்த ஒரு தலைமுறை இருந்தது. த. நா. குமாரசாமியும் த. நா. சேனாபதியும் வங்காளத்தை நேரே கொண்டுவந்தார்கள். அந்த வரிசையில் சிங்களம் ஏன் இல்லை? தனுஷ்கோடிக்கும் தலைமன்னாருக்கும் நடுவே சுமார் 30 கிலோமீட்டர் கடல். அந்தக் கடலுக்கு இந்தப் பக்கம், சிங்களம் வாசிக்கத் தெரிந்த தமிழர்களும் முஸ்லிம்களும் ஆயிரக்கணக்கில் இருக்கிறோம். சிங்களக் கதை ஒன்று லண்டனுக்குப் போய் ஆங்கிலச் சட்டை மாட்டிக்கொண்டு வந்தால்தான் சென்னையில் உள்ளே விடுவீர்கள் என்றால், எனக்குச் சிரிப்புத்தான் வருகிறது.

செய்தவர்கள் இல்லை என்று சொல்லவில்லை. எம். எம். உவைஸ், மார்ட்டின் விக்கிரமசிங்கவின் 'கம்பெரலிய' நாவலை 'கிராமப் பிறழ்வு' என்று தமிழாக்கினார். டொமினிக் ஜீவா 1966ல் யாழ்ப்பாணத்தில் தொடங்கிய 'மல்லிகை', சிங்களக் கதைகளையும் தமிழில் போட்டுக்கொண்டே இருந்தது. சலூனில் முடிவெட்டிக்கொண்டு இலக்கியம் செய்த மனிதர் அவர். நிதி எங்கிருந்து வரும் என்று பார்த்துக் கதை தேடவில்லை. திக்குவல்லை கமாலும் ரிஷான் ஷெரீபும் வருடக்கணக்காக இந்த வேலையைச் செய்கிறார்கள். சுனேத்ரா ராஜகருணாநாயக்கவின் 'அம்மாவின் ரகசியம்' ரிஷான் மூலம் தமிழுக்கு வந்து வாசிக்கவும்பட்டது. ஆனால் இதெல்லாம் தனி ஆட்கள் தங்கள் தோளில் சுமந்தது. நான் உங்களிடம் கேட்பது ஒரு புத்தகத்துக்கான இடமல்ல, உங்கள் புத்தக அலமாரியில் ஒரு தட்டு. ரஷ்யக் கதைக்கு ஒரு தட்டு இருக்கிறது, மலையாளக் கதைக்கு இருக்கிறது. சிங்களக் கதைக்கும் ஒன்று.

அந்தத் தட்டில் எதை வைப்பது என்று கேட்பீர்கள். கொஞ்சம் விரிவாகச் சொல்ல விடுங்கள்.

1924ல் மார்ட்டின் விக்கிரமசிங்க 'கெஹெனியக்' என்ற தொகுப்பை வெளியிட்டார். நவீன சிங்களச் சிறுகதையின் தொடக்கமாகப் பலரும் காட்டுவது அதைத்தான். நம் வ. வே. சு. ஐயரின் குளத்தங்கரை அரசமரம் பேசத் தொடங்கிச் சரியாக ஒன்பது வருடம் கழித்து. அந்தத் தலைப்பிலேயே எனக்குப் பெரிய தலைவலி. சிங்களத்தில் பெண்ணைக் குறிக்க மரியாதையான சொற்கள் வரிசையாக இருக்கின்றன: ஸ்த்ரீ, காந்தாவ, லலனாவ. அக்காலத்து எழுத்தில் அவைதான் மிடுக்காக நடமாடின. இவர் அவற்றை விட்டுவிட்டு, வீட்டிலும் வயலிலும் கிடந்த சொல்லை எடுத்துத் தலைப்பாக வைத்தார். 'ஒரு பெண்' என்று தமிழாக்கினால் இலக்கணம் சரி, ஆனால் உப்பில்லை. நான் 'ஒரு பொம்பிளை' என்று போட்டிருக்கிறேன். உங்கள் மெய்ப்புத் திருத்துநர் அதை மாற்றிவிடுவார் என்ற பயம் இப்போதே இருக்கிறது.

அவருக்கு முன்னால் சிங்களத்தில் கதை இல்லையா என்றால், இருந்தது. பியதாச சிறிசேன போன்றவர்கள் நாவல் எழுதி ஏராளமான வாசகர்களைப் பிடித்திருந்தார்கள். ஆனால் அங்கே பாத்திரங்கள் வாயைத் திறந்தால் பிரசங்கம். மேல்நாட்டு உடை வேண்டாம், மதுவைத் தொடாதே, மதம் மாறாதே. நம் ஊர் ஆரம்பகால நாவல்களை வாசித்தவர்களுக்கு இந்தப் பழக்கம் புதிதல்ல. விக்கிரமசிங்க அந்தப் பிரசங்கியை மேடையிலிருந்து இறக்கிவிட்டார். 1936ல் அவர் போட்ட தொகுப்பின் தலைப்பு 'பாவிக்குக் கல்லெறிதல்' என்று தமிழில் வரும். பௌத்தக் கிராமத்து மனிதர் ஒருவர் எழுதிய கதைக்கு யோவான் நற்செய்தியை ஞாபகப்படுத்தும் தலைப்பு. கல் எறிகிறவன் யார், அவன் கை எவ்வளவு சுத்தம் என்று பார்க்கிற கண் அங்கே வந்துவிட்டது.

அந்த மனிதர் பிறந்தது காலிக்குப் பக்கத்தில் கொக்கல என்ற கடலோரக் கிராமத்தில், 1890ல். பள்ளிக்கூடப் படிப்பு குறைவு. கொழும்பில் ஒரு கடையில் கணக்கெழுதப் போனார், பிறகு பத்திரிகைக்கு வந்து 'சிலுமின', 'தினமின' இரண்டுக்கும் ஆசிரியராக இருந்தார். (கணக்கெழுதியவர் என்பதால் அப்பாவுக்கு இவர்மேல் தனிப் பிரியம்.) இரண்டாம் உலகப் போரில் ஆங்கிலேயர் விமானத் தளம் அமைப்பதற்காகக் கொக்கல ஊரையே காலிசெய்தார்கள். அவர் பிறந்த வீடு எப்படியோ தப்பியது, இப்போது அது அருங்காட்சியகம். தன் கிராமம் மண்ணோடு மண்ணாகப் போவதைக் கண்ட ஒருவர் கிராமத்தின் சிதைவை எழுதினார் என்பதில் ஆச்சரியமில்லை. 'கம்பெரலிய' வந்தது 1944ல். லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ் அதைப் படமாக்கி, அது 1965ல் டில்லித் திரைப்பட விழாவில் தங்க மயில் வாங்கியது. அதனால் நாவலைத் தமிழில் கொஞ்சப் பேருக்காவது தெரியும். சிறுகதைகளைத் தெரியாது.

இனி எனக்கு மிகவும் பிடித்த இடத்துக்கு வருகிறேன். சிங்களச் சிறுகதை செக்கோவிடமிருந்தும் மாப்பசானிடமிருந்தும் வடிவத்தைக் கற்றுக்கொண்டது என்று சொல்வார்கள், அது உண்மைதான். ஆனால் வாசகர்களின் காது அதற்கு முன்பே தயாராக இருந்தது. 14ஆம் நூற்றாண்டிலேயே, புத்தரின் முற்பிறப்புகளைச் சொல்லும் ஏறத்தாழ 550 ஜாதகக் கதைகளும் சிங்கள உரைநடையில் புத்தகமாகிவிட்டன. போயா என்கிற பௌர்ணமி தினத்தில் விகாரையில் உட்கார்ந்து கதை கேட்ட சனம் அது. விக்கிரமசிங்க இந்த ஜாதகக் கதைகளை வெறும் பக்திக் கதைகளாகப் பார்க்கவில்லை. மனித மனத்தைத் துருவிப் பார்க்கும் எழுத்தின் முன்னோடிகளாகப் பார்த்தார். ஜாதகக் கதைகளையும் ருஷ்ய நாவலையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து ஆங்கிலத்தில் ஒரு புத்தகமே எழுதினார், 1957ல்.

அதற்கும் முந்தியது 13ஆம் நூற்றாண்டில் தர்மசேன தேரர் எழுதிய 'சத்தர்ம ரத்னாவலிய'. தம்மபதத்துக்கான பாளி உரையில் வரும் கதைகளை எடுத்து, ஊர்ப் பேச்சின் வாசனையோடு, உவமைக்கு மேல் உவமை போட்டுச் சிங்களத்தில் சொன்ன நூல். அதில் ஒரு பெண்ணின் கதை வருகிறது. கொலைக்களத்துக்கு இழுத்துப்போகும் கள்வனை மாடத்திலிருந்து பார்த்து மையல் கொள்கிறாள். தகப்பன் காசு கொடுத்து அவனை மீட்டு மணம் செய்துவைக்கிறான். அவனோ அவளுடைய நகைக்காக அவளை மலையுச்சிக்கு அழைத்துப்போகிறான். சாவதற்கு முன் உன்னை ஒருமுறை வலம் வந்து வணங்குகிறேன் என்று சொல்லி, பின்னால் வந்து அவனைத் தள்ளிவிடுகிறாள். பெயர் குண்டலகேசி.

ஆமாம், அவளேதான். ஐம்பெருங்காப்பியங்களில் ஒன்று என்று நாம் மேடைதோறும் பெயர் சொல்லும் குண்டலகேசி. நம்மிடம் அந்தக் காப்பியம் இல்லை. சிதறிய சில பாட்டுகள்தான் மிச்சம். கதையை நீலகேசியின் உரை போன்ற இடங்களிலிருந்து பொறுக்கி ஒட்டவைத்திருக்கிறோம். நாம் தொலைத்துவிட்ட பெண் சிங்கள உரைநடையில் முழுசாக உட்கார்ந்திருக்கிறாள். முதல் தடவை அந்தப் பக்கத்தை வாசித்தபோது எனக்கு உடம்பு சிலிர்த்தது. நான் இருக்கும் ஊருக்கு இரண்டு மைல் தள்ளி அளுவிகாரை. திரிபிடகத்தை முதன்முதலில் ஏட்டில் எழுதிவைத்தது அங்கேதான் என்பது மரபு. மறந்துபோகும் என்று பயந்துதான் எழுதினார்களாம். எழுதிவைத்தவர்கள் வைத்திருக்கிறார்கள்.

பண்டிதக் கதை மட்டுமல்ல. நமக்குப் பரமார்த்த குருவும் ஐந்து சீடர்களும் என்றால், அவர்களுக்கு மஹதெனமுத்தாவும் ஐந்து சீடர்களும். பானைக்குள் ஆட்டுத்தலை மாட்டிக்கொள்ள, மஹதெனமுத்தா வந்து தலையை வெட்டச் சொல்கிறார். பிறகு தலையை எடுப்பதற்காகப் பானையை உடைக்கச் சொல்கிறார். சிங்களவர்கள் அரசியல்வாதியைத் திட்டுவதற்கு இன்றைக்கும் இந்தப் பெயரைத்தான் எடுப்பார்கள்.

விக்கிரமசிங்கவுக்கு அடுத்து ஜீ. பி. சேனாநாயக்க. 'ஏழைகள் இல்லாத உலகம்' என்று பொருள்படும் தொகுப்பு 1945ல், 'பலிகெனீம' அதற்கு அடுத்த வருடம். பலிகெனீம என்றால் பழிவாங்கல். 'பலி'யில் நம்முடைய பழியே கேட்கிறது. அந்தப் புத்தகத்தில் கதைகளுக்கு நடுவே யாப்பில்லாத சில கவிதைகளையும் சேர்த்திருந்தார். சிங்களப் புதுக்கவிதையின் பிறப்பு அங்கேதான் என்கிறார்கள். நம்மிடமும் ந. பிச்சமூர்த்தி என்ற சிறுகதைக்காரர்தானே 1934ல் அந்தக் கதவைத் திறந்தார்? இரண்டு மொழியிலும் யாப்பை உடைத்தவன் கவிராயன் இல்லை, கதைக்காரன். இரண்டையும் பக்கத்தில் வைத்து யாராவது ஒரு கட்டுரை எழுதியிருந்தால் எனக்குக் காட்டுங்கள். சேனாநாயக்க பின்னாளில் பார்வையை இழந்தார். அதற்குப் பிறகும் தான் சொல்லச் சொல்ல வேறொருவரை எழுதவைத்து வேலையைத் தொடர்ந்தார்.

அப்புறம் பேராதனைப் பல்கலைக்கழகத்துக்காரர்கள். குணதாச அமரசேகர பல் வைத்தியம் படித்த இளைஞர். அவருடைய 'சோமா' என்ற கதை 1952ல் நியூயோர்க் ஹெரால்ட் டிரிபியூன் நடத்திய உலகச் சிறுகதைப் போட்டிக்குச் சிங்களத்திலிருந்து தேர்வானது. இரண்டு வருடம் முன்பு அதே பத்திரிகையின் பரிசைத் தமிழில் வாங்கியவர் ராஜம் கிருஷ்ணன். அமரசேகரவின் ஆரம்பக் கதைகளில் பருவம் எய்தும் பையன்களின் குற்றவுணர்வும் உடல் தவிப்பும் வரும். பெரிய சண்டை கிளம்பியது. விக்கிரமசிங்கவே பேராதனைக்காரர்களைக் கடுமையாகச் சாடினார். வேடிக்கை என்னவென்றால், அமரசேகரவே பின்னாளில் அந்த எழுத்தை ஒதுக்கிவிட்டுத் தேசியவாதச் சிந்தனையின் முக்கியக் குரலானார். அவருடைய அரசியல் தமிழர்களாகிய நமக்கு எந்த வகையிலும் இனிப்பானதல்ல. ஆனால் 'சோமா' எழுதிய பையனை அதற்காகத் தட்டிலிருந்து இறக்கமாட்டேன்.

அதே காலத்தில் கே. ஜயதிலக கிராமத்து எளிய மனிதர்களை ஆர்ப்பாட்டமில்லாமல் எழுதினார். அஜித் திலகசேன வேறொரு பக்கம் போனார். சிங்களத்தில் ண-ன, ல-ள எழுத்தில் உண்டு, பேச்சில் இல்லை. பண்டிதர்கள் இந்த வேறுபாட்டுக்காகக் கத்தி எடுப்பார்கள். அவர் அதைத் தூக்கி எறிந்துவிட்டே எழுதினார், வாக்கியத்தையும் உடைத்தார். தமிழில் கொண்டுவர முடியாத எழுத்து என்று நான் கைவிட்ட ஒரே ஆள் அவர்தான். நம் நாக்கில் அந்த எழுத்துகள் இன்னும் உயிரோடு இருக்கின்றனவே, என்ன செய்வது.

சைமன் நவகத்தேகமவைச் சொல்லாமல் விட்டால் பாவம் பிடிக்கும். வன்னி என்றதும் நமக்குக் கிளிநொச்சியும் முல்லைத்தீவும்தான் ஞாபகம் வரும். அதற்குத் தெற்கே சிங்கள வன்னி ஒன்று இருக்கிறது: அதே வறட்சி, அதே குளம், அதே பாலை மரம், அதே வேட்டை. நவகத்தேகமவின் உலகம் அது. அவருடைய தொகுப்பு ஒன்றின் தலைப்பை இப்படித் தமிழாக்கலாம்: 'உன் பொருட்டு அழுத கண்ணீருக்குக் கடல் நீரும் போதாது'. பிறவிதோறும் நாம் வடித்த கண்ணீர் நாற்கடல் நீரைவிட அதிகம் என்று புத்தர் சொன்னதாகப் பாளிச் சூத்திரம் ஒன்று உண்டு. அந்தக் கண்ணீரை எடுத்து வரண்ட ஊர்ப் பெண் ஒருத்தியின் கண்ணில் வைத்தார் இவர். சுமித்ரா பீரிஸ் 1988ல் அதைப் படமாக்கினார்.

அந்தப் பழைய பௌத்தக் கதை நிலத்தின் மேல்தான் சிங்களச் சிறுகதை எப்போதும் நடக்கிறது. சண்டை போட்டுக்கொண்டும் நடக்கும். நாடகத்திலும் இதே கதைதான். எதிரிவீர சரச்சந்திர 1956ல் 'மனமே' நாடகத்தைப் போட்டபோது, ஜாதகத்தில் கள்வர் தலைவன் மேல் ஆசைப்பட்டு வாளை அவன் கையில் கொடுக்கும் கெட்ட இளவரசியை, தயங்கி நிற்கிற மனுஷியாக மாற்றினார். அகலிகையைப் புதுமைப்பித்தன் மறுபடி எழுதினாரே, அந்த மாதிரிக் காரியம்.

இதனாலேயே சிறுகதை அங்கே வெறும் பொழுதுபோக்காகக் கருதப்படுவதில்லை. 2019 ஏப்ரல் 1ஆம் தேதி ஷக்திக சத்குமார என்ற எழுத்தாளரைப் பொல்கஹவெலப் பொலிசார் கைது செய்தார்கள். குற்றம் 'அர்த' என்ற சிறுகதை. முகநூலில் போட்டிருந்தார். விகாரைக்குள் நடக்கும் பாலியல் துன்புறுத்தலைத் தொட்டுச் செல்லும் கதை. பிக்குமார் முறைப்பாடு செய்தார்கள். எந்தச் சட்டம் தெரியுமா? குடியியல், அரசியல் உரிமைகள் பற்றிய சர்வதேச சமவாயத்தை நடைமுறைப்படுத்தக் கொண்டுவந்த 2007ஆம் ஆண்டுச் சட்டம். மனித உரிமையைக் காக்க வந்த சட்டத்தால் நான்கு மாதத்துக்கு மேல் உள்ளே இருந்தார். 2021ல் வழக்குத் தொடரப்போவதில்லை என்று அரசு தரப்பு சொன்ன பிறகுதான் விடுபட்டார். பெருமாள்முருகனுக்கு நடந்ததைப் பார்த்த நாம் இதை விளங்கிக்கொள்ளாமல் போவோமா? ஆனால் 'அர்த' பற்றித் தமிழ்நாட்டில் எத்தனை பேருக்குத் தெரியும் என்று உங்களையே கேட்டுப் பாருங்கள்.

இனி இரண்டாவது பதிப்பகத்துக்கு. நல்லிணக்கக் கதை.

ஐயா, அம்மா, உங்களைக் கையெடுத்துக் கும்பிடுகிறேன், அதைமட்டும் கேட்காதீர்கள். 2009க்குப் பிறகு இந்த வகையில் ஏகப்பட்டது வந்துவிட்டது. சிங்களச் சிப்பாய் தமிழ்க் குழந்தைக்குத் தண்ணீர் கொடுப்பான். தமிழ்த் தாய் சிங்களத் தாயின் கையைப் பிடித்து அழுவாள். கடைசியில் கோயில் மணியும் விகாரை மணியும் சேர்ந்து அடிக்கும். கருத்தரங்கு, மூன்று மொழியில் வழவழத் தாளில் ஒரு தொகுப்பு, மதியச் சாப்பாடு. அந்தத் தொகுப்புகள் சிலவற்றுக்கு நானும் மொழிபெயர்த்திருக்கிறேன், காசும் வாங்கியிருக்கிறேன், மறைக்கவில்லை. அந்தக் கதைகளில் ஒன்றுகூட இப்போது ஞாபகமில்லை. அவை பியதாச சிறிசேனவின் பிரசங்கம்தான், விஷயம் மட்டும் மாறியிருக்கிறது.

நல்ல சிங்களக் கதை பலவற்றில் தமிழனே வரமாட்டான். வந்தாலும் தோட்டத்துக் கங்காணியாக, கணக்குப்பிள்ளையாக, கடை முதலாளியாக, புறக்கோட்டையில் மூட்டை தூக்குகிற நாட்டாமியாக ஒரு மூலையில் வருவான். அந்த மூலை எவ்வளவு சின்னது என்று பார்ப்பதும் வாசிப்புத்தான். நம் கதைகளில் சிங்களவன் எந்த மூலையில் வருகிறான் என்ற கேள்வி அப்போது தானாகவே எழும். கங்காணி, கணக்குப்பிள்ளை, முதலாளி, நாட்டாமி எல்லாம் நம்மிடமிருந்து அவர்கள் எடுத்துக்கொண்ட சொற்கள்தான் என்பதைக் கவனித்தீர்களா? இந்த நாட்டாமியால் எனக்கு ஒரு கூத்து நடந்தது. சிற்றிதழ் ஒன்றுக்கு அனுப்பிய கதையில் 'நாட்டாமை அரிசி மூட்டையைத் தோளில் ஏற்றினான்' என்று எழுதியிருந்தேன். இலங்கையில் நாட்டாமை என்றால் சுமை தூக்குகிறவர். அச்சில் வந்தபோது 'நாட்டாமை அரிசி மூட்டையை ஏற்றச் சொன்னார்' என்று இருந்தது. பஞ்சாயத்துப் பண்ணுகிற நாட்டாமை மூட்டை தூக்குவாரா என்று ஆசிரியர் குழுவுக்குச் சந்தேகம் வந்திருக்கிறது. கூலிக்காரன் ஒரே வரியில் ஊர்ப் பெரியவர் ஆகிவிட்டார். கதை போச்சு.

இதனால்தான் சொல்கிறேன், எங்கள் தமிழைத் திருத்தாதீர்கள். சந்தேகம் வந்தால் கேளுங்கள். இந்தக் கதைகளுக்கு ஏற்ற சில கருவிகள் எங்கள் தமிழில்தான் இருக்கின்றன. ஒன்று சொல்கிறேன். பிக்குகளுக்குச் சிங்களத்தில் தனி வினைச்சொற்கள் உண்டு. அவர்கள் வருவதும் போவதும் 'வடினவா', சாப்பிடுவது 'வளந்தனவா'. சாதாரண 'வந்தார், சாப்பிட்டார்' போட்டால் சிங்கள வாசகனுக்கு முகத்தில் அறைந்த மாதிரி இருக்கும். நமக்கு 'எழுந்தருளினார்', 'அமுது செய்தார்' இருக்கின்றன. போட்டால் நாமம் போட்ட வாசனை அடிக்கிறது, ஆனால் மரியாதையின் அளவு சரியாக உட்காருகிறது. ஒரு கதையில் பதின்ம வயதுச் சின்னப் பிக்கு பசியில் ரகசியமாக எதையோ அள்ளித் தின்னும் இடம். அங்கே 'அமுது செய்தார்' என்று போட்டதும் கதையின் குத்தல் முழுதும் தமிழில் வந்துவிட்டது. ஆங்கிலம் வழியாக வந்திருந்தால் அந்தப் பையன் சும்மா சாப்பிட்டிருப்பான்.

காரியமாகவும் இரண்டு வார்த்தை. இலங்கையில் எழுத்தாளர் இறந்து 70 வருடம் வரை பதிப்புரிமை உண்டு. விக்கிரமசிங்க 1976ல் காலமானார், சேனாநாயக்க 1985ல். எடுத்துப் போட்டுவிடலாம் என்று நினைக்காதீர்கள், அனுமதி கேட்க வேண்டும். கேட்பது பெரிய பாடும் இல்லை. விக்கிரமசிங்கவுக்கு அறக்கட்டளை இருக்கிறது, மருதானையில் கொடகே போன்ற சிங்களப் பதிப்பகங்கள் தமிழ்ப் புத்தகங்களையும் போடுகிறவர்கள், பேசத் தெரிந்தவர்கள். செப்டம்பரில் கொழும்புப் புத்தகக் கண்காட்சிக்கு ஒருமுறை வாருங்கள். சென்னைக்கு ஜனவரியில் எப்படியோ அப்படித்தான் அங்கே சிங்கள வாசகர் குவிகிறார்கள். மொழிபெயர்ப்பாளர் பெயரை அட்டையில் போடுங்கள். காசு கொடுங்கள். கொஞ்சமாக இருந்தாலும் பரவாயில்லை, சொன்ன தேதியில் கொடுங்கள்.

இப்போது மூன்றாமவருக்கு.

உங்கள் கேள்விக்கு அயலவர் கதை சொல்லிப் பதில் தரமாட்டேன். 1983 இனக்கலவரத்தில் எங்களைத் தன் வீட்டில் ஒளித்துவைத்த சிங்கள அம்மா ஒருவரைப் பற்றி இந்த நாட்டில் ஒவ்வொரு தமிழ்க் குடும்பத்துக்கும் ஒரு கதை இருக்கிறது. தமிழர் வீடு எது என்று பார்க்க, தெருமுனையில் வாக்காளர் பட்டியலோடு நின்றவர்களைப் பற்றியும் இருக்கிறது. ஒன்றைச் சொல்லி மற்றதை அழிக்க முடியாது. யாழ்ப்பாண நூலகம் 1981ல் எரிந்தபோது 97,000 அளவில் நூல்கள் போயின. புத்தகத்தை எரித்தவர்களின் மொழியில் புத்தகம் வாசிப்பதா என்று கேட்க உங்களுக்கு உரிமை இருக்கிறது. நானும் பல ராத்திரி அதையே கேட்டுக்கொண்டு மேசையில் உட்கார்ந்திருக்கிறேன்.

ஆனால் ஒன்று. இந்தக் கதைகளை வாசிப்பதை அவர்களுக்குச் செய்யும் உபகாரமாக நான் ஒருநாளும் நினைத்ததில்லை. மன்னிப்பும் இல்லை. 28 வருடம் நான் மொழிபெயர்த்த சுற்றறிக்கைகளில் அரசாங்கம் தமிழர்களிடம் பேசியது. சிங்களச் சனம் தங்களுக்குள் என்ன பேசிக்கொள்கிறார்கள் என்பது அதில் ஒரு வரிகூட இல்லை. அது கதைகளில் இருக்கிறது. தங்கள் பிக்குகளை, தங்கள் தகப்பன்மாரை, 1971லும் 1980களின் கடைசியிலும் நடந்த சிங்கள இளைஞர் கிளர்ச்சிகளில் கொல்லப்பட்ட தங்கள் பையன்களை அவர்கள் எப்படிப் பார்க்கிறார்கள், எங்கே பேச்சை நிறுத்திக்கொள்கிறார்கள் என்பதும் அங்கேதான். நம் மேல் இவ்வளவு அதிகாரம் செலுத்திய ஒரு மொழியை அதன் சட்டங்கள் வழியாகவும் செய்திகள் வழியாகவும் மட்டும் தெரிந்துவைத்திருப்பது எனக்குப் போதவில்லை. உங்களுக்குப் போதுமென்றால், சரி, உங்களோடு எனக்கு வாதமில்லை. மற்ற இருவரோடுதான் வாதம்.

என்னிடம் 19 கதைகள் சுத்தப் பிரதியாகத் தயாராக இருக்கின்றன. இருபதாவதில் ஒரு சொல்லில் மாட்டிக்கொண்டு மூன்று வாரமாக நிற்கிறேன். கணவன் மனைவி கதை. சிங்களத்தில் முன்னிலைக்கு ஒரு படிக்கட்டே இருக்கிறது, கீழிருந்து மேலாக: தோ, உம்ப, தமுசே, ஒயா, ஒப. இந்த இரண்டு பேரும் கதை முழுக்க 'ஒயா' என்று பேசிக்கொள்கிறார்கள். அதில் நெருக்கமும் உண்டு, மரியாதையும் உண்டு, இரண்டு பக்கமும் ஒரே சொல். கடைசிப் பக்கத்தில், கறி பரிமாறும்போது, அவன் ஒரே ஒரு தடவை 'உம்ப' என்கிறான். சத்தம் உயரவில்லை, வேறெதுவும் நடக்கவில்லை. அவள் கரண்டியைக் கீழே வைக்கிறாள். கதை முடிகிறது.

தமிழில் அவனை 'நீ'யிலிருந்து எங்கே இறக்குவது? மலையகத்தில் கணவன் மனைவியை எப்போதும் 'நீ' என்றுதான் சொல்கிறான், அவள் 'நீங்க' என்கிறாள். இறங்குவதற்குப் படியே இல்லை. யாழ்ப்பாணத்து 'நீர்' போட்டுப் பார்த்தேன். கதை முழுக்க 'நீர்', கடைசியில் 'நீ'. படி கிடைத்துவிட்டது. ஆனால் குருநாகல் பக்கத்துச் சிங்களக் குடும்பம் சட்டென்று சுன்னாகத்துக்குக் குடிபோன மாதிரி இருக்கிறது. யாழ்ப்பாணத்தில் பிறந்த என் மனைவி வாசித்துவிட்டு 'நீர்' சரிதான் என்கிறாள். எனக்கு இன்னும் மனம் வரவில்லை. இந்த மாதக் கடைசிக்குள் ஒரு முடிவுக்கு வந்துவிடுவேன். அதற்குள் உங்களில் யாராவது பதில் போட்டால், இருபதாக அனுப்பலாம்.

இப்படிக்கு,
மாத்தளையிலிருந்து ஓய்வுபெற்ற ஒரு மொழிபெயர்ப்பாளன்